ஒரு வரியில் முடிகிற ஆளா வில்லிஸ்?

உங்கள் டென்னிஸ் கட்டுரையில், 2016 விம்பிள்டனில் ஃபெடரரிடம் தோற்ற, உலகத் தரவரிசையில் 772-ஆம் நிலை வீரர் என்று பிரிட்டனின் மார்கஸ் வில்லிஸை ஒரே வரியில் கடந்துவிட்டீர்கள். கொஞ்சம் அநியாயம் சார்.

அந்த மனிதர் அதுவரை இங்கிலாந்தின் வார்விக்கில் ஒரு கிளப்பில் மணிக்கு 30 பவுண்டுக்குச் சின்னப் பிள்ளைகளுக்கும் பெரியவர்களுக்கும் டென்னிஸ் சொல்லிக்கொடுத்துக் கொண்டிருந்தவர். அமெரிக்காவுக்குப் பயிற்சியாளர் வேலைக்குக் கிளம்ப இருந்தவரைக் காதலிதான் தடுத்து நிறுத்தினார். விம்பிள்டனின் முதன்மைச் சுற்றுக்குள் வரவே தகுதி ஆட்டங்கள் ஆறு ஜெயிக்க வேண்டியிருந்தது. அதில் அவரிடம் தோற்றவர்களில் யாரெல்லாம் இருந்தார்கள் என்று பாருங்கள்: ரஷ்ய வீரர்கள் ரூப்லெவ், மெத்வதேவ்! பின்னாளில் உலகின் முதல் நிலைக்கே போன அதே மெத்வதேவ்தான். அப்புறம் முதல் சுற்றில் 54-ஆம் நிலையிலிருந்த பெரான்கிஸை நேர் செட்களில் வீழ்த்தினார்.

ஃபெடரர் ஆட்டத்தை டிவியில் பார்த்தேன். முதல் செட் 6-0 என ஃபெடரருக்குப் போனது. இரண்டாவது செட்டில் வில்லிஸ் தன் முதல் கேமை எடுத்ததும் சென்டர் கோர்ட்டே கோப்பையை ஜெயித்துவிட்டது போல ஆர்ப்பரித்தது. கடைசி இரண்டு செட்களும் 6-3, 6-4. ஒன்றும் கேவலமான ஸ்கோர் இல்லை.

அதோடு கதை முடிந்ததா என்றால், இல்லை. 2017 விம்பிள்டன் இரட்டையரில் இன்னொரு பிரிட்டிஷ் வீரரான ஜே கிளார்க்குடன் சேர்ந்து, முந்தைய ஆண்டு சாம்பியன்களான எர்பேர்-மஹூ ஜோடியை ஐந்து செட்களில் வெளியேற்றினார். என்னைக் கேட்டால், ஃபெடரர் ஆட்டத்தைவிட இதுதான் பெரிய சம்பவம். 2021-இல் ஓய்வு அறிவித்தவர், அடுத்த ஆண்டே இரட்டையர் ஆட திரும்பி வந்துவிட்டார். முடிந்தால் இதையும் கட்டுரையில் சேருங்கள்.