விழுந்தேனாம், அழுதேனாம்

ஒவ்வொரு டிசம்பர் 24ஆம் தேதியும் நான் இங்கே ஒரு பதிவு போடுவேன். பழைய நண்பர்களுக்கு மனப்பாடமே ஆகியிருக்கும். 1987இல் எம்ஜிஆர் இறந்த அன்று எங்கள் பள்ளியில் நடந்தது. காலைப் பிரார்த்தனைக்கு வேப்பமரத்தடியில் வரிசையாக நிற்கிறோம். தலைமையாசிரியர் தொண்டை அடைக்க, "எம்ஜிஆர் நம்மை விட்டுப் போயிட்டார்" என்கிறார். சமையல் கொட்டகையில் இருந்து சத்துணவு ஆயா ஓடி வருகிறார், கையில் இருந்த கரண்டியை மண்ணில் போட்டுவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டு அழுகிறார். தொங்கவிட்டிருந்த தண்டவாளத் துண்டில் நீள மணி அடிக்கிறார்கள். நாங்கள் பையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு ஓடுகிறோம்.

நல்ல கதை. லைக்கும் நன்றாகவே விழும். "கண் கலங்கிட்டேன் சார்" என்று நாலு பேராவது எழுதுவார்கள்.

போன டிசம்பரில் அக்கா போன் செய்தாள். மருமகன் அப்போதுதான் அவளுக்கு முகநூல் கணக்கு திறந்து கொடுத்திருந்தான்.

"டேய், அன்னைக்கு எங்கிட்டுடா பள்ளிக்கூடம் இருந்துச்சு? அரைப் பரிச்சை லீவுடா. நீ வீட்டுல இழுத்துப் போத்திட்டுத் தூங்கிக்கிட்டு இருந்த. நான்தான் எழுப்பிச் சொன்னேன்."

இல்லவே இல்லை என்றேன். சூடம் அணைத்துச் சத்தியம் செய்யச் சொல்லியிருந்தால் செய்திருப்பேன். அந்தத் தண்டவாளத் துண்டின் சத்தம் இப்போதும் காதில் இருக்கிறது. அவள் விடவில்லை. "வேப்பமரம் எந்தப் பள்ளிக்கூடத்துலடா இருந்துச்சு?" என்று கேட்டாள். அங்கேதான் மாட்டினேன். வேப்பமரமும் தண்டவாள மணியும் எங்கள் ஊர் ஆரம்பப் பள்ளியில் இருந்தவை. 1987இல் நான் எட்டாம் வகுப்பு. ஆறாவதிலேயே டவுன் பள்ளிக்கூடத்துக்குப் போய்விட்டேன், அங்கே கரண்ட் பெல்.

அப்போ அந்த வேப்பமரத்தடி எந்த நாள்? நான் ஐந்தாவது படித்த வருடம் 1984. அக்டோபர் 31, புதன்கிழமை. இந்திரா காந்தி. சரி, கண்டுபிடித்துவிட்டேன் என்று கொஞ்ச நேரம் நிம்மதியாக இருந்தது. அப்புறம் யோசித்தால் அதுவும் உதைக்கிறது. டெல்லியில் அவரைச் சுட்டதே காலை ஒன்பது மணிக்கு மேல்தான். இறந்துவிட்டார் என்று பிபிசி முன்னாலேயே சொல்லிவிட்டாலும் ஆகாசவாணி சொன்னது சாயங்காலம். மதுரைப் பக்கத்தில் ஒரு குக்கிராமத்துத் தலைமையாசிரியருக்குக் காலைப் பிரார்த்தனையில் எப்படித் தெரியும்? மத்தியானத்துக்கு மேல் யாரோ சைக்கிளில் வந்து சொல்லி, பள்ளியை விட்டிருப்பார்கள். பிரார்த்தனை வரிசையே கிடையாது. அதை நான்தான் நிற்க வைத்திருக்கிறேன்.

ஆயா? "அது அழுதது அடிகுழாய்கிட்டடா. குடத்தைப் போட்டுட்டு அழுதுச்சு. எம்ஜிஆருக்குத்தான் அழுதுச்சு, ஆனா பள்ளிக்கூடத்துல இல்ல."

குடம் கரண்டி ஆகியிருக்கிறது. அடிகுழாய் சமையல் கொட்டகை ஆகியிருக்கிறது. ஏன் என்று யோசிக்கவே வேண்டாம். 1982இல் சத்துணவைக் கொண்டுவந்தவர் எம்ஜிஆர். அவர் போய்விட்டார் என்றதும் சத்துணவு சமைக்கிற கை கரண்டியை நழுவவிட வேண்டும், அதுவும் நாங்கள் சாப்பிடுகிற அதே இடத்தில். கதைக்கு அதுதான் பொருத்தம். அடிகுழாயில் குடத்தோடு நின்று அழுதால் அவர் ஊரில் அழுத நூறு பேரில் ஒருவர், அவ்வளவுதான். நான் உட்கார்ந்து யோசித்து இதை மாற்றவில்லை. பொய் சொல்லவும் இல்லை. வருடா வருடம் சொல்லச் சொல்ல, கேட்பவர் முகம் எங்கே மாறுகிறதோ அந்தப் பக்கமாகக் கதை தானே நகர்ந்து போயிருக்கிறது.

ஒன்றே ஒன்று என் பக்கத்தில் சொல்லிக்கொள்ளலாம். 1984 அக்டோபரில் எம்ஜிஆர் சென்னை அப்பல்லோவில் படுத்திருந்தார். ஊர் ஊராகக் கோயிலில் வேண்டுதல். இந்திரா காந்தியே நேரில் வந்து பார்த்துவிட்டுப் போனார். அந்த மாதம் முழுக்க எங்கள் ஊர் பயந்துகொண்டிருந்தது எம்ஜிஆர் செய்திக்குத்தான். அகால நேரத்தில் பள்ளி மணி அடித்தால் முதலில் அவர் பெயர்தான் மனதில் வந்திருக்கும். ஆயாவும் ஒரு கணம் அப்படி நினைத்து ஓடி வந்திருக்கலாமே? இதை அக்காவிடம் சொன்னேன். "வக்கீலுக்குப் படிச்சிருக்கலாம்டா நீ" என்றாள்.

இது எனக்கு மட்டும் வந்த வியாதி இல்லை. 1986 ஜனவரி 28ஆம் தேதி அமெரிக்காவின் சேலஞ்சர் விண்கலம் கிளம்பிய 73 நொடிகளில் வெடித்துச் சிதறியது. மறுநாள் காலையே அட்லாண்டாவில் எமரி பல்கலைக்கழகத்தில் உல்ரிக் நைசர் என்ற உளவியல் பேராசிரியர் மாணவர்களிடம் ஒரு தாளைக் கொடுத்து, செய்தி கேட்டபோது எங்கே இருந்தீர்கள், யார் சொன்னார்கள், கூட யார் இருந்தார்கள் என்று எழுதி வாங்கிக்கொண்டார். இரண்டரை வருடம் கழித்து, அவர்களில் 44 பேரிடம் அதே கேள்விகள். 11 பேர் சொன்னதில் முக்கியமான விவரம் ஒன்றுகூடப் பழைய தாளோடு ஒத்துப்போகவில்லை. ஒரு மாணவி முதலில் எழுதியது, வகுப்பில் இருந்தபோது யாரோ வந்து பேசிக்கொண்டதைக் கேட்டதாக. பிறகு சொன்னது, விடுதி அறையில் தோழியோடு டிவி பார்த்துக்கொண்டிருந்தபோது செய்தி வந்ததாக. அவளுக்கு டிவி, எனக்குக் கரண்டி.

இந்த ஆய்வில் எனக்குப் பிடித்தது பின்னால் வருகிற பகுதி. அவர்கள் கையெழுத்தில் இருந்த பழைய தாளையே எடுத்துக் காட்டியும் உண்மையான நினைவு யாருக்கும் திரும்ப வரவில்லை. எழுதியது தாங்கள்தான் என்பதை ஒப்புக்கொண்டார்கள், மனதில் இருந்த படத்தை மட்டும் விடவில்லை. எனக்கும் அதே கதிதான். அக்கா சொன்னது அத்தனையும் சரி என்று புத்திக்குத் தெரிகிறது. கண்ணை மூடினால் ஆயா கையில் கரண்டிதான் இருக்கிறது.

நம் மொழியில் இதற்கு ஒரு காவல் ஏற்பாடு இருக்கிறது என்பதை இந்தக் களேபரத்தில்தான் கவனித்தேன். 'ஆம்' என்ற அந்தச் சின்ன ஒட்டு. "ஒரு ஊரில் ஒரு ராஜா இருந்தாராம்." "நேற்று ராத்திரி அவர்கள் வீட்டில் சண்டையாம்." நான் பார்க்கவில்லை, சொல்லக் கேட்டதுதான் என்று ஒரே அசையில் கைகழுவி விடலாம். குழந்தைப் பருவக் கதைகளை நாம் எல்லோரும் ஆரம்பத்தில் இப்படித்தான் சொல்கிறோம். ஒன்றரை வயதில் திண்ணையில் இருந்து விழுந்தேனாம். மொட்டை போடும்போது ஊர் கூடும்படி அழுதேனாம். நம் வாழ்க்கைதான், ஆனால் சாட்சி அம்மா அப்பா.

இந்த 'ஆம்' எப்போது உதிர்கிறது?

நான்கு வயதில் நான் சித்திரைத் திருவிழாவில் தொலைந்து போனேன். அழகர் ஆற்றில் இறங்குகிற அன்று, வைகைக் கரைக் கூட்டத்தில் அப்பா கையை விட்டுவிட்டேன், போலீஸ் பந்தலில் மைக்கில் பெயர் சொல்லிக் கூப்பிட்டுத் திரும்பக் கிடைத்தேன். பள்ளியில் நண்பர்களிடம் "தொலைஞ்சு போயிட்டேனாம்" என்றுதான் சொல்லியிருப்பேன். சில வருடங்களுக்கு முன் என் மகனிடம் சொல்லும்போது எப்படிச் சொன்னேன் தெரியுமா? போலீஸ்காரர் என்னைத் தோளில் தூக்கி வைத்துக்கொண்டார், அங்கிருந்து பார்த்தால் தங்கக் குதிரையும் பச்சைப் பட்டும் தெரிந்தன, அவர் சட்டையில் வியர்வை வாசனை அடித்தது! வியர்வை வாசனை! அப்பா சொன்ன கதையில் தோளும் இல்லை, பட்டும் இல்லை. போலீஸ்காரர் ஒரு மர பெஞ்சில் உட்கார வைத்து பிஸ்கட் கொடுத்தார், அவ்வளவுதான்.

எலிசபெத் லாஃப்டஸ் என்ற அமெரிக்க உளவியல் பேராசிரியரும் அவருடைய மாணவி ஒருவரும் 1995இல் வெளியிட்ட ஆய்வு ஒன்று உண்டு. 24 பேருக்கு, ஐந்து வயதில் ஒரு பெரிய கடைவளாகத்தில் தொலைந்துபோனதாக, நடக்காத ஒரு சம்பவத்தை வீட்டார் சொன்ன மூன்று நிஜச் சம்பவங்களோடு கலந்து கொடுத்தார்கள். 6 பேர் அது முழுவதுமாகவோ கொஞ்சமாகவோ நினைவிருக்கிறது என்று கடைசி வரை சொன்னார்கள். நடக்காததற்கே அப்படி என்றால், நடந்ததை அப்பா வருடத்துக்கு ஒரு முறை சொல்லிச் சொல்லி வளர்த்த எனக்குத் தங்கக் குதிரை தெரிந்ததில் என்ன ஆச்சரியம்?

நாட்குறிப்பு எழுதுகிறவர்களுக்கு இந்த வசதி கிடையாது, பாவம். புதுச்சேரியில் பிரெஞ்சு கவர்னர் துய்ப்ளேவுக்கு துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளராக இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை 1736இல் இருந்து கால் நூற்றாண்டு எழுதினார். இன்ன கப்பல் வந்தது, கவர்னர் இதைச் சொன்னார், நான் இப்படிப் பதில் சொன்னேன் என்று போகும். அடுத்து என்ன நடக்கும் என்று எழுதுகிற அன்று அவருக்குத் தெரியாது, அதனால் எதைப் பெரிதாக்குவது எதை விடுவது என்றும் தெரியாது. எல்லாமே கிடக்கும். (அவரும் தன்னைப் பற்றிக் கொஞ்சம் உயர்த்தித்தான் எழுதிக்கொள்வார். மனிதர்தானே.) நாமோ முடிவு தெரிந்த பிறகு சொல்கிறவர்கள். ஜெயித்தவனுக்குச் சின்ன வயசுப் பட்டினி எல்லாம் படிக்கட்டு ஆகிவிடும். தோற்றவனுக்கு அதே பட்டினி யாரோ செய்த துரோகம். பட்டினி என்னவோ ஒன்றுதான்.

கதை சொல்கிற உரிமையையும் நாம் சமமாகப் பங்கு போட்டதில்லை. எங்கள் ஊர்த் திண்ணையில் பெரியப்பாக்கள் பேசியதை வைத்து இளமைக்காலமே முழுசாக எழுதலாம். சண்டை, சினிமாக் கொட்டகை, மாடு பிடித்தது, போலீஸை ஏமாற்றியது. எல்லாக் கதையிலும் அவர்தான் கடைசி வார்த்தை பேசியிருப்பார், எதிராளி வாயடைத்துப் போயிருப்பான். பெரியம்மா தன்னைப் பற்றி வாய் திறந்து நான் கேட்டது இழவு வீடுகளில் மட்டும்தான். தலையை விரித்துப்போட்டு இன்னொரு பெண்ணைக் கட்டிக்கொண்டு மாரடித்து ஒப்பாரி சொல்லும்போது, செத்தவரைப் பற்றி ஆரம்பித்து மூன்றாவது அடியில் தன் கதைக்கு வந்துவிடுவார். தாய்மாமன் சீர் செய்யாதது, நகை அடகில் மூழ்கியது, குடித்துவிட்டு வருகிறவரோடு முப்பது வருடம் இருந்தது. பெரியப்பா நாலடி தள்ளி பெஞ்சில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பார். எதிர்த்துப் பேச முடியாது, அது அழுகை அல்லவா? மறுநாள் போய், "பெரியம்மா, அந்த அடகு விஷயம் என்ன?" என்று கேட்டால், "எனக்கென்னய்யா கதை இருக்கு" என்று சொல்லிவிட்டு மாட்டுக்குத் தண்ணி காட்டப் போய்விடுவார்.

அக்காவும் அந்த வார்ப்புத்தான் என்பது அந்த போனில்தான் எனக்கு உறைத்தது. கடைசியில் ஒரு பேச்சுக்குக் கேட்டேன்: "சரி, அன்னைக்கு உனக்கு என்ன ஞாபகம் இருக்கு?"

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு சொன்னாள். அன்று காலைதான் அவள் டவுனில் ஒரு ஜவுளிக்கடையில் வேலைக்குச் சேர வேண்டிய நாள். பொங்கல் வியாபாரத்துக்கு ஆள் எடுத்தார்களாம். பிளஸ் டூ முடித்து, டைப்ரைட்டிங் லோயர் பாஸ் பண்ணி, ஒன்றரை வருடம் வீட்டில் இருந்தவள், எப்படியோ அப்பாவைச் சம்மதிக்க வைத்திருக்கிறாள். விடிந்தால் பஸ் இல்லை. கடைகள் அடைப்பு. எல்லாம் சரியாகிப் பஸ் ஓடியபோது அப்பா மனசு மாறிவிட்டார். பொம்பளைப் பிள்ளையை டவுனுக்குத் தனியாக அனுப்பணுமா என்று யாரோ கேட்டிருக்கிறார்கள். அடுத்த வைகாசியில் கல்யாணம்.

"அப்பவே சேர்ந்திருந்தா..." என்று ஆரம்பித்தவள், "அத விடு. பால் பொங்குது, வைக்கிறேன்" என்று வைத்துவிட்டாள்.

அதே வீடு, அதே நாள். நடக்காத ஒன்றை நான் வருடா வருடம் எழுதிக்கொண்டிருந்திருக்கிறேன். நடந்ததை வைத்திருந்தவள் இத்தனை வருடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

இதை அவளிடம் அனுமதி கேட்டுத்தான் எழுதுகிறேன். "என் பேரு போடாத" என்றாள், போடவில்லை.

அன்றிரவே மனைவியிடம் இதைச் சொன்னேன். மெதுவாக, விவரமாகச் சொன்னேன். "போட்டுட்டுப் போறதுக்குன்னு மெரூன் கலர் தாவணி ஒண்ணை முந்தின நாளே தேய்ச்சு மடிச்சு வச்சிருந்தாளாம்" என்றேன். மனைவிக்குக் கண் கலங்கிவிட்டது.

தாவணியைப் பற்றி அக்கா ஒரு வார்த்தைகூடச் சொல்லவில்லை.