இருட்டில் நடப்பது விளம்பரமா?

திருநர் நிகழ்த்துக்கலைஞர் காசில்ஸ் தம் உடலை வருத்திக்கொள்வதெல்லாம் விளம்பரத்துக்காகத்தான் என்று அவரைப் பற்றிய கட்டுரை ஒன்று ஒரே வரியில் தள்ளிவிடுகிறது. ஒப்புக்கொள்ள முடியவில்லை.

2012இல் லாஸ் ஏஞ்சலிஸில் அவர் முதலில் நிகழ்த்திய 'பிகமிங் ஆன் இமேஜ்' நிகழ்வையே எடுத்துக்கொள்ளுங்கள். அரங்கில் கும்மிருட்டு. ஏறத்தாழ 900 கிலோ களிமண் பாளத்தை அவர் குத்துகிறார், உதைக்கிறார். மூச்சிரைப்புதான் காதில் விழுகிறது. கேமரா ஃபிளாஷ் வெட்டும்போது மட்டும் ஓங்கிய கையும் வியர்த்த முதுகும் தெரிந்து மறைகின்றன. புகைப்படக்காரரும் இருட்டில் குத்துமதிப்பாகவே படமெடுக்கிறார். திருநர் உடலைக் கண்கொட்டாமல் வேடிக்கை பார்த்தே பழகிய கூட்டத்துக்கு இதைவிடச் சூடான பதில் உண்டா? விளம்பரம் தேடுபவர் விளக்கை அணைத்துவிட்டா நிற்பார்?

அதற்கு முந்தைய அவருடைய 'கட்ஸ்' என்ற படைப்பு பற்றி எனக்கும் உறுத்தல் உண்டு. அமெரிக்கக் கலைஞர் எலினார் ஆன்டின் 1972இல் உணவைக் குறைத்துத் தாம் இளைப்பதை நாள்தோறும் படமெடுத்தார். அதற்கு மறுமொழியாக காசில்ஸ் 23 வாரங்களில் 23 பவுண்டு தசை ஏற்றினார். யோசனை அருமை. ஆனால் அதற்கு ஸ்டீராய்டும் எடுத்துக்கொண்டார். கட்டுரையாளர் கேள்வி கேட்டிருக்க வேண்டிய இடம் அது; அதைத் தொடவே இல்லை.