ஒரு கட்சிக்காரர் எழுதிய சரித்திரம்

நடுநிலையோடு எழுதியதாகச் சத்தியம் செய்யும் சரித்திர ஆசிரியர்கள் மேல் எனக்கு எப்போதும் ஒரு சந்தேகம் உண்டு. ஸ்காட்லாந்துப் போதகர் ராபர்ட் உட்ரோ எந்தப் பக்கம் என்பது புத்தகத் தலைப்பிலேயே தெரிந்துவிடும்: ஸ்காட்லாந்து திருச்சபை பட்ட பாடுகளின் சரித்திரம். 1721-22இல் இரண்டு தடித்த தொகுதிகளாக வந்தது. 1660இல் இரண்டாம் சார்லஸ் அரியணை ஏறியதிலிருந்து அடுத்த அரசரை விரட்டிய 1688 புரட்சி வரை, பிஷப்புகளின் ஆட்சிக்குப் பணியாமல், சபையை மூப்பர்களே நடத்தட்டும் என்ற பிரெஸ்பிடேரியன்கள் பட்டதெல்லாம் அதில் இருக்கிறது.

அவர் பிறந்ததே 1679இல், கிளாஸ்கோவில். தங்கள் சபை முறையைக் காப்பதாக உடன்படிக்கை செய்துகொண்ட பிரெஸ்பிடேரியன்களான கவனன்டர்கள் போத்வெல் பாலத்தில் அரசுப் படையிடம் தோற்றுச் சிதறிய வருடம் அது. அப்பா ஜேம்ஸ் பிரசங்கியார். அரசாங்கம் தேடிக்கொண்டிருந்த ஆள். பிரசவத்தில் மனைவி பிழைப்பது கஷ்டம் என்று கேள்விப்பட்டு ஒளிந்து ஒளிந்து பார்க்க வந்தாராம். சிப்பாய்கள் மோப்பம் பிடித்துவிட, வைத்தியரின் வேலைக்காரன் போல லாந்தரைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடந்தே தப்பித்தார் என்று அந்தக் குடும்பத்தில் ஒரு கதை உண்டு. அம்மாவும் பிழைத்துக்கொண்டார். இப்படிப் பிறந்த மனிதரிடம் போய் நடுநிலை கேட்பது நம் தப்பு.

மற்றபடி பெரிய சாகச வாழ்க்கை இல்லை. கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தில் நூலகர். 1703இல் பக்கத்திலிருந்த ஈஸ்ட்வுட் ஊர்ச் சபைக்குப் போதகர். கிளாஸ்கோவும் ஸ்டெர்லிங்கும் கூப்பிட்டும் போகாமல், 1734இல் சாகும்வரை அங்கேயே இருந்தார். பதினாறும் பெற்று வாழ்க என்பதை அப்படியே எடுத்துக்கொண்டவர் மாதிரி 16 பிள்ளைகள். கல்லாய்ப்போன உயிர்ச்சுவடுகளைச் சேகரிக்கும் பைத்தியம் வேறு.

நான் அவரை மதிப்பதற்குக் காரணம், தென்மேற்கு ஸ்காட்லாந்தின் கடலோர ஊரான விக்டவுனில் நடந்த கதை. 1685 மே மாதம், அரசு கேட்ட சத்தியப் பிரமாணத்தை எடுக்க மறுத்த இரண்டு பெண்களைக் கடல் ஏறிவரும் இடத்தில் கட்டி மூழ்கடித்தார்கள். மார்கரெட் மெக்லாக்லன் அறுபதைத் தாண்டியவர். மார்கரெட் வில்சனுக்கு 18 வயது. கிழவி மூச்சுமுட்டிச் சாவதைப் பார்த்தாவது சின்னவள் பணியட்டும் என்று கிழவியை இன்னும் ஆழத்தில் கட்டினார்களாம். பணியவில்லை. உட்ரோ தரப்புக்கு இதைவிட வலுவான சாட்சி கிடையாது. ஆனால் எடின்பரோவில் அரசரின் பெயரால் ஆண்ட பிரிவி கவுன்சிலின் பதிவேட்டில் அவர் இன்னொன்றையும் பார்த்தார்: இருவருக்கும் தண்டனையை நிறுத்திவைத்து ஏப்ரல் 30ஆம் தேதி போட்ட உத்தரவு. கமுக்கமாக விட்டிருக்கலாம், யார் போய்த் தேடப்போகிறார்கள்? அவரோ அதையும் எழுதி, அப்படியென்றால் விக்டவுனில் நிறைவேற்றியவர்களின் குற்றம் இன்னும் பெரிது என்று வாதாடினார்.

நூறு வருடத்துக்கும் மேல் கழித்து மார்க் நேப்பியர் என்ற வக்கீல் அதே உத்தரவைப் பிடித்துக்கொண்டு, அந்தப் பெண்கள் மூழ்கடிக்கப்படவே இல்லை என்று கிளம்பினார். எதிர்த்தரப்பு வக்கீலுக்கே கேஸ் கட்டை எடுத்துக் கொடுத்திருக்கிறார் நம் போதகர்! அந்த ஊர்ச் சபைகளின் 1711ஆம் வருடப் பதிவுகள் மூழ்கடித்ததைச் சொல்கின்றன. எனக்கு நேப்பியர் வாதம் ஒட்டவில்லை. அது வேறு விஷயம்.

சறுக்கல்களும் உண்டு. பிரீஸ்ட்ஹில் ஜான் பிரவுன் என்ற கவனன்டரைச் சுடச் சிப்பாய்கள் தயங்கியதால் தளபதி கிளாவர்ஹவுஸ் தன் கையாலேயே சுட்டதாக எழுதினார். சிறையில் கிடந்து வந்த பாட்ரிக் வாக்கர், கவனன்டர்களிலேயே தீவிரமானவர், சுட்டது சிப்பாய்கள்தான் என்கிறார். கிளாவர்ஹவுஸ் எழுதிய கடிதத்திலும் சுடவைத்ததாகத்தான் இருக்கிறது. வாக்கருக்கு உட்ரோ மேல் ஏக கடுப்பு: தங்கள் ஆட்களைக் குறைத்து எழுதிவிட்டார், ரொம்ப மிதவாதி என்று. அரசரை எதிர்த்தவர்களின் சரித்திரத்தை இன்னொரு அரசரான முதலாம் ஜார்ஜுக்கே காணிக்கையாக்கி, 1725இல் 100 கினி (அந்தக் காலப் பொற்காசு) சன்மானமும் வாங்கியவர் ஆயிற்றே, வாக்கர் கோபத்திலும் கொஞ்சம் நியாயம் இருக்கிறது.

படிக்க நினைப்பவர்கள் கண்ணீர்ப் பகுதிகளை வேகமாகத் தாண்டிவிட்டு ஆவணங்களுக்குப் போங்கள். அரசாணைகள், கடிதங்கள், விசாரணைக் குறிப்புகள் என்று அவர் அப்படியே அச்சிட்டவற்றில், துன்புறுத்தியவர்களின் குரலும் அவர்கள் வார்த்தையிலேயே கேட்கும்.