காதுகுத்துக்கு எந்தத் தலைவர் படம்?

நாளை மறுநாள் என் மகளுக்குக் காதுகுத்து. கிடா, பந்தல், மேளம் எல்லாம் சொல்லியாகிவிட்டது. வாசலில் வைக்கும் பிளக்ஸில் எந்தத் தலைவர் படத்தைப் போடுவது என்ற ஒன்றுதான் இழுத்துக்கொண்டிருக்கிறது. குழந்தையின் காதுக்கும் எடப்பாடி பழனிசாமிக்கும் ஓ. பன்னீர்செல்வத்துக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டுத் தொலைத்தேன். பெரியப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்து போய்விட்டார்.

பெரியப்பாவும் சித்தப்பாவும் எம்.ஜி.ஆர். காலத்தில் ஒரே திருவிழாவில், ஒரே ஆளிடம் கையை நீட்டி அதிமுகவின் இரட்டை இலைச் சின்னத்தைப் பச்சை குத்திக்கொண்டவர்கள். 1989 தேர்தலில் ஜெயலலிதா அணிக்குச் சேவல், ஜானகி அணிக்கு இரட்டைப் புறா என்று கட்சி இரண்டாக நின்றபோதுகூட அண்ணனும் தம்பியும் சேர்ந்தே சேவலுக்குச் சுவர் எழுதினார்கள். கட்சி தோற்றது, வீடு உடையவில்லை.

உடைந்தது 2017இல். பிப்ரவரி 7 இரவு பன்னீர்செல்வம் மெரினாவில் ஜெயலலிதா நினைவிடத்தில் கண்மூடி உட்கார்ந்தார். நம் தேனி மாவட்டத்துக்காரர் என்று சித்தப்பா அன்றே அந்தப் பக்கம் போனார். ஆர்.கே. நகர் இடைத்தேர்தலுக்காக இலை முடக்கப்பட்டு, ஓர் அணிக்குத் தொப்பி, இன்னோர் அணிக்கு மின்கம்பம். கையில் குத்திய பச்சையை என்ன செய்வது? ஆகஸ்ட் 21இல் தலைவர்கள் ஒன்றானார்கள். ஆளுநரே இருவர் கையையும் பிடித்துச் சேர்த்துவைத்தார். ஆறு மாதம் முகம் திருப்பிக்கொண்டு திரிந்த இந்த இரண்டு பேரும் மறுநாள் ஒரே டீக்கடை பெஞ்சில்! யார் காசு கொடுப்பது என்று சண்டை வேறு.

பிறகு 2022 ஜூலை 11. வானகரத்தில் பொதுக்குழு கூடிப் பன்னீர்செல்வத்தை நீக்கியது. ராயப்பேட்டை அலுவலகத்தில் கல்வீச்சு, அடிதடி, கடைசியில் சீல். அடுத்த மாதம் என் தங்கைக்கு நிச்சயதார்த்தம். சித்தப்பா வந்தார், ஆயிரத்து ஒன்று மொய் எழுதினார், பந்தி வாசலில் பெரியப்பா தண்ணீர்ச் செம்போடு நிற்பதைப் பார்த்தார், அப்படியே செருப்பை மாட்டிக்கொண்டு நடந்தார். அம்மா ஒரு டிபன் கேரியரைத் தூக்கிக்கொண்டு தெருமுனைவரை ஓடினாள். அந்தக் கேரியர் இன்றுவரை திரும்பி வரவில்லை.

எனக்கு வயிறு எரிவது இதற்குத்தான். தலைவர்களுக்குப் பிரிந்தாலும் பேரம், சேர்ந்தாலும் பதவி. எதிர்க்கட்சிக்காரர் வீட்டுக் கல்யாணத்தில்கூட முதல் வரிசையில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டு அட்சதை போடுகிறார்கள். இவர்கள் இருவருக்கும் நாற்பது வருடத்தில் கட்சி கொடுத்தது ஆளுக்கோர் உறுப்பினர் அட்டை. வார்டு கவுன்சிலர் சீட்டுக்குக்கூட யாரும் கூப்பிட்டதில்லை. பாமகவில் அப்பாவும் மகனும் ஆளுக்கொரு பொதுக்குழு கூட்டினார்களே, அந்த ஊர்ப் பக்கம் எத்தனை வீட்டில் கேரியர் திரும்பாமல் கிடக்கிறதோ.

பிளக்ஸ் கடையில் குழந்தை படம் மட்டும் போதும் என்று சொல்லிவிட்டேன். "ஒரு தலைவர்கூட இல்லையா?" என்று கடைக்காரர் இரண்டு முறை கேட்டார். நேற்று இரவு சித்தப்பா போன் செய்தார். நலம் விசாரிப்பு எதுவும் இல்லை. "பெரியவர் எத்தனையாவது பந்தி?"

மூன்றாவது என்று சொல்லியிருக்கிறேன். பெரியப்பாவை முதல் பந்தியிலேயே உட்காரவைக்கப்போகிறேன். அடுத்த இலையைச் சித்தப்பாவுக்குப் போடச் சொல்லியாகிவிட்டது.