கைதட்டியவர்கள் எங்கள் தெருவுக்கு வரவும்

ஞாயிற்றுக்கிழமை கடற்கரைக் கூட்டத்தில் நடந்ததை வீடியோவில் பார்த்திருப்பீர்கள். "விண்வெளியிலிருந்து பார்த்தால் எல்லைக்கோடே தெரியாது" என்றார் பேச்சாளர். ஒரே கைதட்டல். இரவில் இந்திய-பாகிஸ்தான் எல்லை, பாதுகாப்பு விளக்குகளால் ஆரஞ்சுக் கோடாக விண்வெளி நிலையத்துக்கே தெரிகிறதே, அது என்ன என்று கேட்டேன். "சாருக்கு ரசனை கம்மி" என்று சிரித்து உட்கார வைத்துவிட்டார்கள்.

சரி, கம்மிதான். என் வீடு முள்ளோடைப் பக்கம். தெருமுனையில் புதுச்சேரி முடிந்து கடலூர் மாவட்டம் தொடங்கிவிடும். 2024 ஃபெஞ்சல் புயலில் ஒரே நாளில் 40 செ.மீ.க்கு மேல் கொட்டியது. அம்மாவின் தையல் மிஷினைக் கட்டில்மேல் ஏற்றிவிட்டு, முட்டளவுத் தண்ணீரில் நின்று இரண்டு பக்கத்து அதிகாரிகளுக்கும் போன் போட்டேன். "மதகு அடைப்பு அவங்க பக்கம் சார்" என்றார் புதுச்சேரிக்காரர். கடலூர்க்காரரும் அதையேதான் சொன்னார், அதே குரலில். மேலிருந்து பார்த்தால் இதுவும் தெரியாதுதான். தெரியாதது வேறு, இல்லாதது வேறு.

உடனே "அறிவியலுக்கு எதிரி" என்று கிளம்பாதீர்கள். தேவனாம்பட்டினத்தில் என் மச்சான் படகை மேடேற்றியது செயற்கைக்கோள் படத்தை நம்பித்தான். விண்வெளியிலிருந்து எடுத்த பூமியின் படம் மனிதனை மாற்றவே இல்லையா என்றால், கொஞ்சம் மாற்றியது. 1970-ல் பூமி தினம் வந்தது. அவ்வளவுதான் ஒப்புக்கொள்வேன்.

அந்தப் புகழ்பெற்ற படத்தை, நிலாவைச் சுற்றிய அப்போலோ 8 விண்கலத்திலிருந்து விண்வெளி வீரர் பில் ஆண்டர்ஸ் எடுத்தது 1968 டிசம்பர் 24. நம் நேரப்படி இரவு பத்து மணி. நிலாவுக்கு மேலே நீலமாக, அழகாக, பாதி பூமி. மறுநாள் இரவு கீழ்வெண்மணியில் கூலி உயர்வு கேட்ட தலித் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேரை ஒரே குடிசைக்குள் வைத்துக் கொளுத்தினார்கள். "படம் அப்போது வெளியாகவே இல்லையே" என்று ஒருவர் கண்டிப்பாக வருவார். வாங்க. வெளியாகி அரை நூற்றாண்டு தாண்டிவிட்டது, இன்னும் ஊர் தனி, காலனி தனி, சுடுகாடும் தனி. எத்தனை கிலோமீட்டர் மேலே போனால் இந்தக் கோடு மறையும் என்று கணக்குப் போட்டுச் சொல்லுங்கள், நானும் எழுந்து நின்று கைதட்டுகிறேன்.

ரசனை இல்லாதவன் என்றது உறுத்துகிறதா? ஆமாம், உறுத்துகிறது. அந்த நீலப் படம் இருபது வருஷமாக என் மேஜை மேல் இருக்கிறது. போன மழையில் ஓரம் நனைந்து ஊறிப்போனது. எல்லை மதகில் அதே அடைப்பு இன்னும் அப்படியே கிடக்கிறது. பேச்சாளர் ஒரு நாள் வரட்டும். பேண்ட்டை மட்டும் முட்டிக்கு மேலே மடித்துக்கொண்டு வரச் சொல்லுங்கள்.