யார் வீட்டுப் பாட்டு?

போன சனிக்கிழமை ஒரு நண்பர் வீட்டில் சாப்பிட்டுவிட்டுப் பேசிக்கொண்டிருந்தோம். அமெரிக்கப் பாப் பாடகி பியான்சேயின் 'கவ்பாய் கார்ட்டர்' ஓடிக்கொண்டிருந்தது. அமெரிக்கத் தென் மாநிலங்களின் கன்ட்ரி இசைப் பக்கம் போய் அவர் 2024-ல் செய்த ஆல்பம். போட்டது நான்தான். "இவங்களுக்கு எதுக்கு கன்ட்ரி? பாப்ல ராணியா இருக்காங்க, அது போதாதா? கிராமி அவார்டுக்காகக் கவ்பாய் தொப்பி மாட்டிக்கிட்டாங்க" என்றார் ஒருவர். இன்னும் இரண்டு பேர் தலையாட்டினார்கள். அந்த இடத்தில் எனக்கு ஒழுங்காகப் பதில் சொல்ல வரவில்லை. வீட்டுக்கு வந்தும் மனசு ஆறவில்லை. அதனால்தான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம், பொறுமையாகப் படியுங்கள்.

முதலில் நான் கண்ணால் பார்த்ததைச் சொல்கிறேன். நான் இருக்கும் டெக்சாஸின் ஹூஸ்டனில், குதிரை அடக்கும் போட்டிகளும் பாட்டுக் கச்சேரிகளும் நடக்கும் ரோடியோ விழா தொடங்குவதற்கு முன்னால் வரும் ஒரு வெள்ளிக்கிழமையை 'கோ டெக்சன் டே' என்பார்கள். அன்றைக்கு அலுவலகத்தில் கணக்குப் பார்ப்பவர் முதல் வாசலில் நிற்கும் காவலர் வரை பூட்ஸும் அகலத் தொப்பியுமாக வருவார்கள். பிள்ளைகளும் பள்ளிக்கு அப்படித்தான் போவார்கள். சுற்று வட்டாரத்திலிருந்து பல நாட்கள் குதிரையிலும் கூண்டு வண்டியிலும் பயணம் செய்த குழுக்கள் அன்று மெமோரியல் பார்க்கில் வந்து சேரும். இந்த ஊருக்கு வந்த புதிதில் அதைப் பார்க்கப் போயிருந்தேன். வந்த குழுக்களில் ஒன்று ப்ரேரி வியூ டிரெயில் ரைட். கறுப்பினக் குடும்பங்கள் 1957 முதல் நடத்தி வரும் பயணம் அது. தாத்தா ஒரு குதிரையில், பேத்தி இன்னொரு குதிரையில். நான் அசந்து நின்றுவிட்டேன். கவ்பாய் என்றால் வெள்ளைக்காரர் என்றுதான் சிறு வயதில் பார்த்த படங்கள் எனக்குச் சொல்லிக்கொடுத்திருந்தன. அந்தக் காலத்தில் மந்தை ஓட்டிப்போன கவ்பாய்களில் ஏறக்குறைய நான்கில் ஒருவர் கறுப்பினத்தவர் என்று வரலாற்றாசிரியர்கள் மதிப்பிடுகிறார்கள். அது எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது.

பியான்சே 1981-ல் இதே ஹூஸ்டனில் பிறந்தவர். அப்பா அலபாமாக்காரர். அம்மா பக்கத்தில் இருக்கும் கால்வெஸ்டனில் பிறந்தவர், அவருடைய முன்னோர் லூசியானாவைச் சேர்ந்தவர்கள். இந்த ரோடியோவைப் பார்த்து வளர்ந்தவர் பியான்சே. தன் பழைய பாட்டுக் குழுவான டெஸ்டினிஸ் சைல்டோடும் தனியாகவும் அதே மேடையில் பாடியிருக்கிறார். அவரைப் பார்த்து "உனக்கு எதற்கு கன்ட்ரி" என்று கேட்பது எனக்குப் புரியவே இல்லை.

சரி, விருதுக்காகத்தான் பாடினாரா? 2016-ல் 'லெமனேட்' ஆல்பத்தில் 'டாடி லெசன்ஸ்' என்று ஒரு பாட்டு வைத்தார். அப்பாவைப் பற்றிய, டெக்சாஸ் வாசம் அடிக்கும் பாட்டு. அதே வருடம் நவம்பரில் கன்ட்ரியின் தலைநகரான நாஷ்வில்லில், கன்ட்ரி இசைச் சங்கம் நடத்தும் சிஎம்ஏ விருது விழாவின் 50-வது ஆண்டு மேடையில் டிக்ஸி சிக்ஸ் என்ற கன்ட்ரிப் பெண்கள் குழுவோடு சேர்ந்து அதைப் பாடினார். அந்தக் காணொளியை எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காது. ஆனால் விழா முடிவதற்குள்ளேயே வசை தொடங்கிவிட்டது. "இவளுக்கு இங்கே என்ன வேலை" என்ற தொனியில் எழுதினார்கள். கன்ட்ரி பிரிவில் கிராமிக்கு அனுப்பப்பட்ட அந்தப் பாட்டை அந்தப் பிரிவின் குழு ஏற்கவில்லை என்றும் செய்தி வந்தது. 'கவ்பாய் கார்ட்டர்' வருவதற்குப் பத்து நாள் முன்பு பியான்சே எழுதிய குறிப்பில், தன்னை வரவேற்கவில்லை என்று உணர்ந்த ஓர் அனுபவத்திலிருந்துதான் இந்த ஆல்பம் பிறந்தது, ஐந்து வருடத்துக்கு மேல் இதற்காக உழைத்தேன் என்று சொல்லியிருந்தார். விருதுதான் ஆசை என்றால் கதவைச் சாத்திய வீட்டுக்கு யாராவது ஐந்து வருடம் உழைத்துத் திரும்பிப் போவார்களா?

இன்னொன்று. தமிழில் சிலர் கன்ட்ரியை 'நாட்டுப்புற இசை' என்று எழுதுகிறார்கள். அது சரியாக வராது. கிராமத்து வேர் இருப்பது உண்மைதான், ஆனால் கன்ட்ரி என்ற வகை கடையில் பிறந்தது. 1920-களில் அமெரிக்க இசைத்தட்டுக் கம்பெனிகள் தென் மாநிலங்களில் ஒலிப்பதிவு செய்யத் தொடங்கியபோது இரண்டு பட்டியல் போட்டார்கள். கறுப்பினத்தவர் பாடியது 'ரேஸ்' தட்டு. வெள்ளையர் பாடியது 'ஹில்பில்லி' தட்டு. இந்த ஹில்பில்லிதான் பின்னால் கன்ட்ரி ஆனது. ஊரில் பாட்டு அப்படிப் பிரிந்து கிடக்கவில்லை. ஒரே மெட்டை இரண்டு பேரும் வாசித்தார்கள், ஒருவரிடம் ஒருவர் கற்றுக்கொண்டார்கள். கன்ட்ரியின் முதல் குடும்பம் என்று கொண்டாடப்படும் கார்ட்டர் குடும்பத்துக்குப் பாட்டு தேடி ஊர் ஊராக உடன் அலைந்தவர் லெஸ்லி ரிடில் என்ற கறுப்பினக் கிதார் கலைஞர். பின்னாளில் கன்ட்ரி நட்சத்திரமான ஹாங்க் வில்லியம்ஸுக்குச் சிறுவனாக இருந்தபோது கிதார் சொல்லிக்கொடுத்தவர் ரூஃபஸ் பெய்ன் என்ற கறுப்பினத் தெருக் கலைஞர். கன்ட்ரியில் ஒலிக்கும் பாஞ்சோ என்ற தந்திக் கருவியே மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் நினைவில் சுமந்து வந்து இங்கே செய்த வாத்தியம்.

நாஷ்வில்லின் கிராண்ட் ஓல் ஓப்ரி வானொலி நிகழ்ச்சிக்கு அந்தப் பெயர் எப்போது வந்தது தெரியுமா? 1927-ல் ஓர் இரவு, டிஃபோர்ட் பெய்லி என்ற கறுப்பினக் கலைஞர் மவுத் ஆர்கன் வாசித்து முடித்த நேரத்தில் அறிவிப்பாளர் வாயில் வந்த சொல் அது. அத்தனை பெரிய நட்சத்திரமான பெய்லியை 1941-ல் வேலையை விட்டு அனுப்பினார்கள். அப்புறம் அவர் ஷூ பாலிஷ் போடும் கடை வைத்துப் பிழைத்தார். கன்ட்ரி புகழ் மண்டபத்தில் அவர் பெயர் ஏறியது 2005-ல். அவர் இறந்து 23 வருடம் கழித்து.

இதெல்லாம் தெரிந்த பிறகு 'கவ்பாய் கார்ட்டர்' ஆல்பத்தின் 'டெக்சாஸ் ஹோல்டெம்' பாட்டைக் கேளுங்கள். ஆரம்பத்தில் வரும் அந்தப் பாஞ்சோவை வாசித்திருப்பவர் ரியானன் கிடன்ஸ். பாஞ்சோவின் கறுப்பின வரலாற்றை மேடை மேடையாகச் சொல்லி வருபவர். பாட்டுக்கு ஒரு பாஞ்சோ வேண்டும் என்றால் நாஷ்வில்லில் நூறு பேர் கிடைப்பார்கள். பியான்சே இவரைக் கூப்பிட்டார். '16 கேரேஜஸ்' பாட்டிலும் அப்படித்தான். அதில் ஸ்டீல் கிதார், அதாவது தந்தி மேல் உலோகத் துண்டை நகர்த்தி வாசிக்கும் கிதார், வாசித்தவர் ராபர்ட் ராண்டால்ஃப். ஸ்டீல் கிதார் கேட்டாலே கன்ட்ரி என்போம். ஆனால் சில கறுப்பினத் தேவாலயங்களில் 1930-களிலிருந்தே ஆர்கனுக்குப் பதில் ஸ்டீல் கிதார்தான் ஒலிக்கிறது. ராண்டால்ஃப் அந்த ஆராதனையில் வளர்ந்தவர். பதினைந்து வயதிலேயே வீட்டை விட்டு உழைக்கக் கிளம்பிய ஒரு பெண்ணின் களைப்பைப் பியான்சே பாடும்போது, அந்த ஸ்டீல் கிதார் அடியில் தேவாலயம் போல எழுந்து நிற்கும். நான் வேலைக்குக் காரில் போகும்போது இதைக் கேட்டு ஒருநாள் நான் இறங்க வேண்டிய எக்ஸிட்டைத் தாண்டிப் போய்விட்டேன்.

ஆனால் இந்த ஆல்பத்தில் என்னைக் கட்டிப் போட்டது லிண்டா மார்டெல்தான்.

1941-ல் சவுத் கரோலைனாவில் பிறந்தவர். 1969-ல் ஓப்ரி மேடையில் தனியாகப் பாடிய முதல் கறுப்பினப் பெண். அந்த வருடம் அவருடைய ஒரு பாட்டு கன்ட்ரி பட்டியலில் 22-வது இடம் வரை போனது. அடுத்த வருடம் 'கலர் மீ கன்ட்ரி' என்று ஓர் ஆல்பம். அவரை ஒப்பந்தம் செய்த கம்பெனியின் பெயர் 'பிளான்டேஷன் ரெக்கார்ட்ஸ்'. அடிமைகளை வைத்து வேலை வாங்கிய தோட்டங்களைக் குறிக்கும் சொல்லை ஒரு கறுப்பினப் பெண்ணின் இசைத்தட்டின் மேல் அச்சடித்திருக்கிறார்கள். பாடப் போன இடங்களில் கூட்டத்திலிருந்து இன வசவு பறந்து வந்திருக்கிறது. கம்பெனியின் கவனமும் வெள்ளைப் பாடகி ஒருவர் பக்கம் போனது. ஒரே ஆல்பத்தோடு கன்ட்ரி வாழ்க்கை முடிந்தது. பின்னாளில் ஊருக்குத் திரும்பிப் பள்ளிப் பேருந்துகூட ஓட்டியிருக்கிறார்.

அந்த லிண்டாவைத்தான் பியான்சே தேடிப் பிடித்துத் தன் ஆல்பத்தில் பேச வைத்தார். 'ஸ்பகெட்டி' என்ற பாட்டின் தொடக்கத்தில் வரும் அந்த வயதான குரல், இசை வகை என்பது வேடிக்கையான விஷயம் என்றும், சிலருக்கு அது ஓர் அடைப்புப் போலத் தோன்றலாம் என்றும் சொல்கிறது. அடைபட்டுக் கிடந்தவரே அதைச் சொல்லும்போது எனக்கு உடம்பு சிலிர்த்தது. ஆல்பத்தில் அவர் பெயரிலேயே 'லிண்டா மார்டெல் ஷோ' என்று ஓர் அறிவிப்புத் துண்டும் இருக்கிறது. 'ஸ்பகெட்டி' பாட்டுக்காக 83 வயதில் அவர் பெயர் கிராமிக்கும் பரிந்துரையானது.

குறையே இல்லை என்று சொல்ல மாட்டேன். 27 தடங்கள், ஏறக்குறைய 80 நிமிடம், நீளம் அதிகம். பின்பாதியில் இரண்டு மூன்று துண்டுகளை எடுத்திருந்தால் யாருக்கும் நஷ்டமில்லை. 'ஜோலீன்' எனக்கு ஒட்டவே இல்லை. கன்ட்ரிப் பாடகி டாலி பார்ட்டன் பாடிய பழைய பாட்டில் ஒரு பெண் இன்னொரு பெண்ணிடம் கெஞ்சுகிறாள், என் புருஷனை எடுத்துக்கொள்ளாதே என்று. அந்தக் கெஞ்சலில்தான் பாட்டின் உயிர். பியான்சே அதை மிரட்டலாக மாற்றிவிட்டார். மிரட்டுவது அவருக்குச் சுலபம், நமக்கும் பழகிப்போனது. டாலியே வந்து முன்னுரை சொல்லி வாழ்த்தியும் என் மனசு பழைய பாட்டிடமே நிற்கிறது. ஆனால் 'டாட்டர்' பாட்டின் நடுவில் ஒரு பழைய இத்தாலியப் பாடலை எடுத்து அவர் பாடும் இடம் இருக்கிறதே, அதற்காக எல்லாவற்றையும் மன்னித்துவிடலாம்.

இப்போது அந்த விருது விஷயம். 2024 பிப்ரவரியில் 'டெக்சாஸ் ஹோல்டெம்' வந்தவுடன் ஓக்லஹோமாவில் ஒரு கன்ட்ரி வானொலி நிலையம், நாங்கள் கன்ட்ரி நிலையம், பியான்சேயைப் போடுவதில்லை என்று நேயருக்குப் பதில் எழுதியது. ரசிகர்கள் சத்தம் போட்ட பிறகுதான் பாட்டு ஒலிபரப்பானது. அமெரிக்காவில் பாட்டுகளுக்கு வாராவாரம் வரிசை போடும் பில்போர்டு பத்திரிகையின் கன்ட்ரி பாட்டுப் பட்டியலில் முதலிடம் பிடித்த முதல் கறுப்பினப் பெண் ஆனார் பியான்சே. அதே பாட்டு எல்லா வகையும் சேர்ந்த ஹாட் 100 பட்டியலிலும் முதலிடம் போனது. அந்த செப்டம்பரில் சிஎம்ஏ பரிந்துரைகள் வந்தன. அவருக்கு ஒன்றுகூட இல்லை. நாஷ்வில்லுக்கு வந்து பழகவில்லை, வானொலி நிலையங்களுக்குப் போய் வணக்கம் வைக்கவில்லை என்று காரணம் சொன்னார்கள். 2016-ல் நாஷ்வில்லுக்கே நேரில் வந்து பாடினாரே, அப்போது என்ன மரியாதை கிடைத்தது? அதைக் கேட்டால் யாரிடமும் பதில் இல்லை.

2025 பிப்ரவரி கிராமியில் சிறந்த கன்ட்ரி ஆல்பம் 'கவ்பாய் கார்ட்டர்' என்று பாடகி டெய்லர் ஸ்விஃப்ட் மேடையில் அறிவித்தபோது பியான்சேயின் முகத்தைப் பார்த்தீர்களா? வாய் திறந்தபடி அப்படியே உறைந்து போனார். அந்த விருதைப் பெற்ற முதல் கறுப்பினக் கலைஞர் அவர். கணக்குப் போட்டுத் தொப்பி மாட்டியவரின் முகமாக அது எனக்குத் தெரியவில்லை. அன்றிரவே ஆண்டின் சிறந்த ஆல்பம் விருதும் வந்தது. கறுப்பினப் பெண் ஒருவருக்கு அது 1999-ல் லாரின் ஹில்லுக்குப் பிறகு கிடைத்ததே இல்லை. மேடையில் அந்த விருதை லிண்டா மார்டெல்லுக்குச் சமர்ப்பித்தார்.

விருதைவிட எனக்கு முக்கியம், பின்னால் வருகிறவர்கள். 'பிளாக்பேர்டு' பாட்டில் பியான்சேயோடு பாடும் டானர் அடெல், பிரிட்னி ஸ்பென்சர், டியேரா கென்னடி, ரெய்னா ராபர்ட்ஸ் நால்வருமே கன்ட்ரி பாடும் இளம் கறுப்பினப் பெண்கள். ஆல்பத்தில் இரண்டு இடத்தில் வரும் ஷபூஸி, சில மாதங்களிலேயே தன் சொந்தப் பாட்டோடு ஹாட் 100-ல் 19 வாரம் முதலிடத்தில் இருந்தார். அவருக்குக் கிடைத்தது அந்த நான்கு பெண்களுக்கும் கிடைக்க வேண்டும். வானொலி இன்னும் அவர்கள் பக்கம் திரும்பவில்லை என்பதுதான் என் வருத்தம்.

அடுத்த மாதம் எங்கள் வீட்டில் சாப்பாடு. அதே நண்பர்களைக் கூப்பிட்டிருக்கிறேன். இந்த முறை பியான்சேயை முதலில் போடப் போவதில்லை. 1970-ல் வந்த லிண்டாவின் ஆல்பத்தைப் போடுவேன். 'பேட் கேஸ் ஆஃப் தி ப்ளூஸ்' என்ற பாட்டில் குரலை உடைத்து உடைத்து மேலே ஏற்றி அவர் ஒரு யோடல் பாடுவார். அது முடிகிற வரை யாரும் பேசக்கூடாது என்று இப்போதே சொல்லி வைக்கிறேன்.