இன்ஃப்ளுயன்சே என்ற பெயரை மாற்ற வேண்டாம்

ஹீமோபிலஸ் இன்ஃப்ளுயன்சே என்று ஒரு பாக்டீரியா இருக்கிறது. பெயரைப் படித்ததும் ஃப்ளூ காய்ச்சலைக் கொண்டுவருகிற கிருமி என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் ஃப்ளூ வருவது வைரஸால். இந்த பாக்டீரியா உண்டாக்குகிற நோய்கள் வேறு. சின்னக் குழந்தைகளுக்கு மூளைக்காய்ச்சல், நிமோனியா, காதில் சீழ், குரல்வளை மூடி வீங்கி மூச்சே அடைத்துப்போகிற ஆபத்தான நிலை, அப்புறம் ஏற்கெனவே நுரையீரல் கெட்டுப்போன பெரியவர்களுக்குச் சளி முற்றித் திரும்பத் திரும்பப் படுக்கையில் விழுவது. இவ்வளவு செய்கிறது, ஃப்ளூவை மட்டும் உண்டாக்காது.

நுண்ணுயிரியல் படிக்க வரும் பிள்ளைகள் இதைக் கேட்டதும் முதலில் கேட்பது, தப்பு என்று தெரிந்தும் ஏன் இந்தப் பெயரை வைத்திருக்கிறோம், மாற்றிவிட வேண்டியதுதானே என்றுதான். மருத்துவம் பற்றி எழுதுகிறவர்கள் சிலரும் இதையே கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் மாற்றக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. மாற வேண்டியது வேறொன்று இருக்கிறது, அதைக் கடைசியில் சொல்கிறேன்.

முதலில் இந்தப் பெயர் எப்படி வந்தது என்று பார்க்கலாம். 1889-ல் கிளம்பிய ஒரு பெரிய ஃப்ளூ அலை சில வருஷங்கள் உலகத்தையே சுற்றி வந்தது. பெர்லினில், காசநோய்க் கிருமியைக் கண்டுபிடித்த ராபர்ட் கோக்கின் நிறுவனத்தில் இருந்த ரிச்சர்ட் ஃபைஃபர், நோயாளிகளின் சளியில் மிகச் சின்னக் குச்சி வடிவக் கிருமி ஒன்றைத் திரும்பத் திரும்பப் பார்த்தார். 1892-ல் ஃப்ளூவுக்குக் காரணம் இதுதான் என்று அறிவித்தார். காசநோய், காலரா என்று ஒவ்வொரு நோய்க்கும் ஒரு பாக்டீரியா பிடிபட்டுக்கொண்டிருந்த காலம் அது. ஆகவே ஃப்ளூவுக்கும் ஒன்று கிடைத்ததில் யாருக்கும் ஆச்சரியம் இருந்திருக்காது. 1896-ல் லேமன், நாய்மன் என்ற இருவர் அதற்கு பாக்டீரியம் இன்ஃப்ளுயன்சே என்று பெயர் வைத்தார்கள். 1917-ல் வின்ஸ்லோவும் அவருடைய குழுவினரும் ஹீமோபிலஸ் என்ற பேரினத்தை, அதாவது நெருங்கிய இனங்களின் குழுவை, உண்டாக்கி இதை அதில் சேர்த்தார்கள்.

ஃபைஃபரை இன்று கேலி செய்து எழுதுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். அவர் இல்லாததைப் பார்க்கவில்லை. அந்தக் கிருமி அந்தச் சளியில் நிஜமாகவே இருந்தது. வைரஸ் வந்து மூச்சுக்குழாயின் உள்சுவரைப் புண்ணாக்கிவிட்டால், மூக்கிலும் தொண்டையிலும் சும்மா குடியிருந்த பாக்டீரியாக்கள் கீழே இறங்கி நுரையீரலைப் பிடித்துக்கொள்ளும். 1918 ஃப்ளூவில் இறந்தவர்களில் பெரும்பாலானவர்களைக் கொண்டுபோனது இப்படிப் பின்னால் வந்த பாக்டீரியா நிமோனியாதான் என்று, பாதுகாத்து வைத்திருந்த நுரையீரல் திசுக்களை மறுபடி ஆராய்ந்தவர்கள் 2008-ல் எழுதினார்கள். இந்தக் கிருமியும் அந்தக் கூட்டத்தில் உண்டு. ஆக, உடன் வந்ததை மூலகாரணம் என்று எடுத்துக்கொண்டதுதான் பிழை. கோக் வகுத்த நிபந்தனைப்படி, கிருமியைத் தனியே வளர்த்து ஒரு விலங்குக்குக் கொடுத்து அதே நோயை வரவழைத்துக் காட்ட வேண்டும். அதை ஃபைஃபரால் செய்ய முடியவில்லை.

அந்தப் பிழையின் விலை 1918-ல் தெரிந்தது. பெரும்தொற்று வந்தபோது உலகம் முழுக்க ஆய்வகங்கள் ஃபைஃபரின் கிருமியைத் தேடின. சில இடங்களில் கிடைத்தது, சில இடங்களில் கிடைக்கவில்லை. கிடைக்காத இடங்களில், நாம் வளர்க்கும் முறையில்தான் ஏதோ குறை என்று நினைத்தவர்கள் நிறைய. இது லேசில் வளராத கிருமி என்பதால் அப்படி நினைத்ததையும் தப்பு சொல்ல முடியாது. நியூயார்க்கில் ராக்ஃபெல்லர் நிறுவனத்தில் ஆஸ்வால்ட் ஏவரி இதை வளர்ப்பதற்காகவே ஒரு புதிய ஊடகம், அதாவது கிருமி வளர்க்கும் சத்துக்கலவை, தயாரித்தார். இதை வைத்துத் தடுப்பூசிகளும் தயாரித்துப் போட்டார்கள். அவை ஃப்ளூவைத் தடுக்க வழியே இல்லை. அதே 1918-ல் வட ஆப்பிரிக்காவின் துனிஸில் சார்ல் நிக்கோலும் அவருடைய சகாவும், பாக்டீரியாவை நிறுத்திவிடும் வடிகட்டியைத் தாண்டி வந்த திரவத்தாலும் நோய் வருகிறது என்று காட்டினார்கள். 1931-ல் ரிச்சர்ட் ஷோப் பன்றிகளில் வைரஸைக் கண்டார். 1933-ல் லண்டனில் வில்சன் ஸ்மித், ஆண்ட்ரூஸ், லெய்ட்லா மூவரும் ஃபெரட் என்ற கீரி மாதிரி விலங்கில் மனித ஃப்ளூ வைரஸைப் பிடித்தார்கள். விஷயம் முடிந்தது. 1892-லிருந்து கணக்குப் போட்டால் 41 வருஷம். பெயரை மாற்றச் சொல்பவர்களின் வலுவான ஆதாரம் இந்த 41 வருஷம்தான், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்தக் காலத்தில் தவறாக இருந்தது பெயர் மட்டும் இல்லை, அறிவே தவறாக இருந்தது. அறிவு திருந்திய பிறகு அந்தப் பெயரால் வழி தவறிய ஆராய்ச்சியாளர் யாரும் இல்லை.

இன்ஃப்ளுயன்சா என்ற நோய்ப் பெயரும் ஒன்றும் சுத்தமான பெயர் கிடையாது. அது இத்தாலியச் சொல், செல்வாக்கு என்று பொருள். நட்சத்திரங்களின் செல்வாக்கால் வருகிற நோய் என்று நம்பி வைத்த பெயர். கிரகங்களை நம்பி வைத்த அந்தப் பெயரை நோய்க்கும் வைரஸுக்கும் வைத்துக்கொண்டு நிம்மதியாக இருக்கிறோம், ஒருவரும் மாற்றச் சொல்வதில்லை. பாக்டீரியா மேல் மட்டும் ஏன் இந்தக் கண்டிப்பு?

பெயரின் முன்பாதியை எடுத்துக்கொண்டால் அது முழுக்கச் சரி. ஹீமோபிலஸ் என்றால் இரத்தத்தை விரும்புவது. இதற்கு வளர இரண்டு பொருள் தேவை, ஆய்வகத்தில் எக்ஸ் காரணி, வி காரணி என்போம். எக்ஸ் என்பது ஹீமின் என்ற இரும்புச் சேர்மம், வி என்பது என்ஏடி என்ற துணைநொதி. இரண்டும் சிவப்பணுக்களுக்குள் இருக்கின்றன. அதனால் இரத்தம் கலந்த ஊடகத்தைச் சூடாக்கி அணுக்களை உடைத்து ஊற்றுகிறோம். தட்டு பழுப்பாகிவிடும். அதனால்தான் அதற்கு சாக்லேட் அகார் என்று பெயர், அகார் என்பது ஊடகத்தைக் கெட்டியாக்கும் கூழ், சாக்லேட் துளியும் கிடையாது. சூடாக்காத சாதாரண இரத்த அகாரில் இது தனியாக வளராது. ஆனால் அதே தட்டில் ஸ்டாஃபிலோகாக்கஸ் ஆரியஸ் என்ற வேறொரு பாக்டீரியாவை ஒரு கோடாக இழுத்துவிட்டு மறுநாள் எடுத்துப் பாருங்கள். அந்தக் கோட்டை ஒட்டி மட்டும், இரண்டு பக்கமும், நிறமில்லாத குட்டிக் குட்டிப் புள்ளிகள் வந்திருக்கும். ஸ்டாஃபிலோகாக்கஸ் சிவப்பணுக்களை உடைத்து வி காரணியை வெளியே விடுகிறது, தானும் சுரக்கிறது. அது எட்டும் தூரம் வரைதான் இவை வளரும், கோட்டை விட்டு விலகினால் தட்டு வெறுமையாக இருக்கும். எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுக்காத காட்சி.

ஆக, இந்தப் பெயரில் பாதி உண்மை, பாதி பொய். ஆனால் ஆய்வகத்தில் அறிக்கை எழுதும்போது இரண்டு பாதியும் ஒரே அளவுக்குப் பயன்படுகின்றன. எழுதியதும் படிக்கிற டாக்டருக்கு எந்தக் கிருமி என்று சந்தேகமில்லாமல் தெரிகிறது. பெயருக்கு அதற்கு மேல் என்ன வேலை? சின்னசாமி வளர்ந்து ஆறடி ஆகிவிட்டார் என்பதற்காக யாரும் அவர் பெயரை மாற்றுவதில்லை.

பாக்டீரியாக்களுக்குப் பெயர் வைக்கும் சர்வதேச விதித் தொகுப்பும் இதைத்தான் சொல்கிறது. ஓர் உயிரினத்துக்குப் பெயர் வைப்பதன் முதல் நோக்கம் அதைக் குறிப்பிட ஒரு வழி இருக்க வேண்டும் என்பது, அதன் குணத்தையோ வரலாற்றையோ சொல்வது அல்ல என்று அதன் அடிப்படைக் கொள்கைகளிலேயே இருக்கிறது. பொருத்தமில்லை, பிடிக்கவில்லை, இதைவிட நல்ல பெயர் இருக்கிறது என்ற காரணங்களுக்காக முறைப்படி வைத்த பெயரை மாற்ற முடியாது என்று தனி விதியும் உண்டு. இந்த விதிகளை வகுத்தவர்களும் மாற்றத்துக்குப் பயந்தவர்கள் இல்லை. 1980 ஜனவரி 1 அன்று ஒரு பட்டியலை வெளியிட்டு, அதில் இடம்பெற்ற 2000-க்குச் சற்று அதிகமான பெயர்களை மட்டும் வைத்துக்கொண்டு, மற்ற பழைய பெயர்களுக்கு அங்கீகாரம் இல்லை என்று துணிந்து அறிவித்தவர்கள். அந்தப் பெரிய துப்புரவில்கூட இன்ஃப்ளுயன்சே தப்பித்தது.

கிருமிகளின் உறவுமுறை பற்றிய அறிவு மாறினால் பேரினப் பெயர் மாறும், அதை எதிர்க்க முடியாது. ஆனால் அப்போதும் பொறுப்போடு செய்யலாம் என்பதற்கு, ஆஸ்பத்திரிகளில் கடும் வயிற்றுப்போக்கை உண்டாக்கும் டிஃபிசைல் என்ற பாக்டீரியா நல்ல உதாரணம். 1935-ல் பிறந்த குழந்தைகளின் மலத்தில் கண்டு, பிரித்து வளர்ப்பது கஷ்டமாக இருந்ததால் கஷ்டமானது என்ற பொருளிலேயே வைத்த பெயர் அது. அது க்ளோஸ்ட்ரிடியம் பேரினத்தில் சேராது என்று தெரிந்ததும் 2013-ல் பெப்டோக்ளோஸ்ட்ரிடியம் என்று ஒரு யோசனை வந்தது. ஒப்புக்கொண்டிருந்தால் ஆஸ்பத்திரிகளில் எல்லோரும் சொல்லும் சி டிஃப் என்ற சுருக்கம் போயிருக்கும். 2016-ல் க்ளோஸ்ட்ரிடியாய்டஸ் என்று வைத்தார்கள். முதல் எழுத்து அப்படியே இருந்ததால் வார்டில் இருக்கும் நர்ஸுக்கும் நோயாளிக்கும் எதுவும் மாறவில்லை. பயன்படுத்துகிறவர்களை நினைத்துப் பார்த்துப் பெயர் வைப்பது இதுதான்.

எதிர்த்தரப்பில் இன்னும் ஒரு வாதம் உண்டு, அதைச் சும்மா தாண்டிப் போக எனக்கு மனமில்லை. உயிருக்கு ஆபத்தான குழப்பம் வரும் என்றால் ஒரு பெயரை நிராகரிக்கலாம் என்று அதே தொகுப்பில் இடமிருக்கிறது. பிளேக் கிருமியான யெர்சினியா பெஸ்டிஸ், சூடோட்யூபர்குலோசிஸ் என்ற அதிக ஆபத்தில்லாத இனத்தோடு டிஎன்ஏ அளவில் கிட்டத்தட்ட ஒன்றுதான் என்று தெரிந்ததும், அதை அந்த இனத்தின் உட்பிரிவு ஆக்கிவிடலாம் என்றார்கள். அறிவியலாகப் பார்த்தால் சரிதான். ஆனால் பிளேக் கிருமி இருக்கும் குப்பியில் அந்தப் பெயரை எழுதினால் கையாளுகிறவர் அசட்டையாக இருந்துவிடலாம் என்ற பயத்தில் 1985-ல் அந்தப் பெயரை நிராகரித்து, பெஸ்டிஸ் என்பதையே நிலைநிறுத்தினார்கள். அப்படியானால் இன்ஃப்ளுயன்சேவையும் ஆபத்தான பெயர் என்று சொல்லலாமே என்று கேட்கலாம். சொல்ல முடியாது என்பேன். ஆய்வகத்திலோ வார்டிலோ இதை வைரஸ் என்று நினைத்துக் கையாளுகிறவர் இல்லை. குழப்பம் இருப்பது வெளியே, லத்தீன் பெயரைக் கண்ணாலேயே பார்க்காத பொதுமக்களிடம். அங்கே இருக்கிற குழப்பத்தை லத்தீன் பெயரை மாற்றித் தீர்க்க முடியாது.

மாற்றினால் என்னவெல்லாம் அறுந்துபோகும் என்றும் பார்க்க வேண்டும். தனித்து வாழும் உயிரினம் ஒன்றின் முழு மரபணுத் தொகுதியையும் முதன்முதலாகப் படித்தது 1995-ல், அந்த உயிர் இதுதான், சுமார் 18 லட்சம் எழுத்துகள். டிஎன்ஏவைக் குறிப்பிட்ட இடத்தில் வெட்டும் நொதியை 1970-ல் ஹாமில்டன் ஸ்மித் இதிலிருந்துதான் பிரித்தெடுத்தார், 1978-ல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். மரபணு ஆய்வகங்களில் தினமும் எடுக்கும் ஹின்-டி-த்ரீ என்ற நொதியின் பெயரே ஹீமோபிலஸின் முதல் எழுத்து, இன்ஃப்ளுயன்சேவின் முதல் இரண்டு எழுத்து, டி ரகத்தின் ஓரெழுத்து என்று லத்தீன் எழுத்துகளைக் கோத்துச் செய்தது. ஆம்பிசிலின் என்ற ஆன்டிபயாடிக்குக்கு அடங்காத இந்தக் கிருமியை, புதிய மருந்து தேவைப்படும் கிருமிகள் என்று உலக சுகாதார நிறுவனம் 2017-ல் வெளியிட்ட முன்னுரிமைப் பட்டியலிலும் இதே பெயரில்தான் சேர்த்திருக்கிறது. எந்த மருந்துக்கு எவ்வளவு அடங்கும் என்ற அட்டவணைகள் எல்லாம் இந்தப் பெயரில்தான் இருக்கின்றன.

சரி, மாற வேண்டியது என்ன? நாம் இதைச் சொல்கிற விதம். தமிழில் எழுதுகிறவர்கள் பலர் கடைசி எழுத்தை மாற்றிவிட்டு ஹீமோபிலஸ் இன்ஃப்ளுயன்சா என்று எழுதுகிறார்கள், சிலர் இன்ஃப்ளுயன்சா பாக்டீரியா என்றே முடித்துவிடுகிறார்கள். அந்த சே முக்கியம். லத்தீனில் அது ஆறாம் வேற்றுமை, இன்ஃப்ளுயன்சாவின் என்று பொருள். சா என்று முடித்தால் நோயின் பெயர், சே என்று முடித்தால் பாக்டீரியாவின் பெயர். ஓரெழுத்துதான், ஆனால் நம் வாசகருக்கு இரண்டையும் பிரித்துக் காட்ட அந்த ஓரெழுத்துதான் இருக்கிறது.

அதைவிடப் பெரிய விஷயம் தடுப்பூசி. 1931-ல் மார்கரெட் பிட்மன் என்ற ஆராய்ச்சியாளர், இந்தக் கிருமியில் வெளியே சர்க்கரை உறை உள்ளவற்றை ஏ முதல் எஃப் வரை ஆறு வகையாகப் பிரித்து, குழந்தைகளின் மூளைக்காய்ச்சலுக்குப் பெரும்பாலும் பி வகையே காரணம் என்று காட்டினார். ஹிப் என்ற சுருக்கம் அந்த பி வகையைக் குறிப்பதுதான். 1985-ல் வந்த முதல் தடுப்பூசி உறையின் சர்க்கரையை மட்டும் கொண்டது, அதிக ஆபத்தில் இருந்த கைக்குழந்தைகளுக்கு அது வேலை செய்யவில்லை. சர்க்கரையை ஒரு புரதத்தோடு இணைத்துக் கொடுத்ததும் கைக்குழந்தையின் உடலும் எதிர்ப்பைக் கற்றுக்கொண்டது. அதை முறையாகப் போட்ட நாடுகளில் ஹிப் மூளைக்காய்ச்சல் கிட்டத்தட்ட மறைந்தே போனது. அதற்கு முன் ஐந்து வயதுக்குள் வரும் பாக்டீரியா மூளைக்காய்ச்சலில் பல நாடுகளில் இதுதான் முதலிடம், பிழைத்த குழந்தைகளிலும் பலருக்குக் காது கேட்காமல் போனது.

இவ்வளவு நல்ல தடுப்பூசியைப் பற்றி விளக்கும்போது இன்ஃப்ளுயன்சா என்ற சொல்லைப் பாதியில் போட்டுவிட்டுப் போகிறோம். அதைப் படித்த அம்மா ஃப்ளூ ஊசிதானே, ஏற்கெனவே போட்டாச்சே என்கிறார். அல்லது ஹிப் போட்ட குழந்தைக்கு ஃப்ளூ வந்ததும் ஊசி பலிக்கவில்லை என்று முடிவு கட்டுகிறார். அவர் மேல் துளியும் தப்பில்லை, சொன்னவர்கள் மேல்தான் தப்பு. ஆகவே மருத்துவம் எழுதுகிறவர்களுக்கும் தடுப்பூசி அட்டை அச்சடிக்கிறவர்களுக்கும் என் வேண்டுகோள் இதுதான்: பொதுமக்களிடம் பேசும்போது ஹிப் என்று மட்டும் சொல்லுங்கள், பக்கத்திலேயே மூளைக்காய்ச்சல், நிமோனியா தடுப்பூசி என்று எழுதுங்கள், அதற்குக் கீழே இது ஃப்ளூ ஊசி அல்ல என்று இன்னொரு வரி சேருங்கள். ஹிப் ஊசி பிறந்த சில வாரங்களில் தொடங்கி, சில தவணைகளில் முடிந்துவிடும். ஃப்ளூ ஊசி ஆறு மாதத்துக்குப் பிறகுதான், வைரஸ் மாறிக்கொண்டே இருப்பதால் வருஷா வருஷம் போட வேண்டும். ஒன்றைப் போட்டதால் இன்னொன்று வேண்டாம் என்று ஆகாது.